தரானே அலிதூஸ்தி

தரானே அலிதூஸ்தி (பிறப்பு: சனவரி 12, 1984, தெஹ்ரான்) ஈரானியத் திரைப்பட நடிகையும் மொழிபெயர்ப்பாளரும் ஆவார். 2002-ஆம் ஆண்டில் வெளிவந்த தம் முதல் படத்திலேயே ஈரானின் முதன்மையான திரைப்பட விருதைப் பெற்றார். இயக்குநர் அஸ்கர் ஃபர்ஹாதியின் நான்கு படங்களில் நடித்துள்ளார். அவற்றுள் ஒன்றான "விற்பனையாளர்" 2017-ஆம் ஆண்டில் சிறந்த வெளிநாட்டு மொழிப் படத்துக்கான ஆஸ்கர் விருதைப் பெற்றது. 2022-ஆம் ஆண்டில் ஈரானில் எழுந்த போராட்டங்களை ஆதரித்தமைக்காகக் கைது செய்யப்பட்டு, தெஹ்ரானின் எவின் சிறையில் வைக்கப்பட்டார். இக்கட்டுரை 2002 முதல் 2022 வரையிலான 20 ஆண்டுகளில் அவருடைய திரைவாழ்க்கையையும், அது நடைபெற்ற காலத்தின் பின்னணியையும் விளக்குகிறது.

பெயர்

"தரானே" என்னும் பாரசீகச் சொல்லுக்குப் பாடல் என்று பொருள். இந்துஸ்தானி இசையில் வழங்கும் "தரானா" என்பது இச்சொல்லே ஆகும். கருநாடக இசையிலும் நாட்டியத்திலும் வழங்கும் தில்லானா இதனோடு தொடர்புடையது என்று இசை அறிஞர்கள் கூறுவர். "தூஸ்தி" என்பது நட்பையும் அன்பையும் குறிக்கும் சொல்.

பிறப்பும் இளமையும்

தரானேயின் தந்தை ஹமீத் அலிதூஸ்தி ஈரான் தேசியக் கால்பந்து அணிக்காக ஆடியவர். செருமனி நாட்டிலும் கழக அணியில் ஆடினார். பின்னர் பயிற்றுநராகப் பணியாற்றினார். தாய் நாதெரே சிற்பக் கலைஞர். கலை ஆசிரியராகவும் இருந்தவர். விளையாட்டும் கலையும் சேர்ந்திருந்த குடும்பத்தில் வளர்ந்த தரானே, பள்ளிப் பருவத்திலேயே நடிப்பின்மீது விருப்பம் கொண்டார். புகழ்பெற்ற நடிகர் அமீன் தாரோக் தெஹ்ரானில் நடத்திவந்த நடிப்புப் பயிற்சிப் பள்ளியில் சேர்ந்தார். அங்குப் பயின்ற காலத்திலேயே முதல் பட வாய்ப்பு வந்தது.

ஈரானியத் திரைப்படத்துறையின் விதிகள்

அலிதூஸ்தியின் நடிப்பைப் புரிந்துகொள்ள, அவர் எந்த எல்லைகளுக்குள் நின்று நடித்தார் என்பதை அறிதல் வேண்டும்.

1979-ஆம் ஆண்டின் புரட்சிக்குப் பிறகு ஈரானில் திரைப்படத் தயாரிப்பு முழுவதும் பண்பாடு மற்றும் இசுலாமிய வழிகாட்டல் அமைச்சகத்தின் மேற்பார்வைக்குள் வந்தது. படம் எடுக்கத் தொடங்குமுன் ஓர் அனுமதி பெறவேண்டும். எடுத்து முடித்தபின் திரையிடுவதற்குத் தனியாக ஓர் அனுமதி பெறவேண்டும். பெண்களின் தோற்றம் குறித்த விதிகள் இவற்றுள் மிகக் கடுமையானவை. நடிகை எப்போதும் தலைமுடியை மறைத்திருக்க வேண்டும். கதையில் அவர் தம் வீட்டுக்குள், கணவனோடும் பிள்ளைகளோடும் தனித்திருந்தாலும் இந்த விதி தளராது. கதைப்படி அங்கே வேற்று ஆடவர் இல்லை; ஆனால் திரைக்கு முன்னே பார்வையாளர்கள் இருக்கிறார்கள் என்பதே இதற்குக் கூறப்படும் காரணம். அவ்வாறே ஆணும் பெண்ணும் ஒருவரையொருவர் தொட்டு நடித்தலும் கூடாது. கணவன் மனைவியாக நடிப்பவர்கள் கைகோத்து நிற்பதைக்கூடக் காட்ட இயலாது.

உண்மை வாழ்வில் எந்த ஈரானியப் பெண்ணும் தன் படுக்கையறையில் முக்காடு அணிந்து உறங்குவதில்லை. ஆகவே வீட்டைக் காட்டும் ஒவ்வொரு காட்சியிலும் ஒரு சிறு பொய் இடம்பெற்றே தீர வேண்டியதாயிற்று. இதைச் சமாளிக்க இயக்குநர்கள் பல வழிகளைக் கண்டனர். பெண் அப்போதுதான் வெளியிலிருந்து வந்ததாகக் காட்டுவர். அல்லது வெளியே புறப்படுவதாகக் காட்டுவர். குளித்துவிட்டுத் தலையில் துண்டு கட்டியிருப்பதாகக் காட்டுவர். சில வேளைகளில் கதவை மூடிவிட்டு, குரலை மட்டும் கேட்கச் செய்வர். அணைப்பும் தொடுகையும் விலக்கப்பட்ட நிலையில், கண்ணும் குரலும் நடையுமே நடிகைக்கு எஞ்சிய கருவிகளாயின. அலிதூஸ்தியின் தலைமுறை நடிகைகள் இந்த விதிகளுக்குள்ளேயே பிறந்து வளர்ந்தவர்கள்.

முதல் படம் (2002)

முகமது காத்தமி அதிபராக இருந்த ஆண்டுகளில் (1997–2005) தணிக்கை ஓரளவு தளர்ந்தது. பெண்களின் வாழ்க்கைச் சிக்கல்களை நேரடியாகப் பேசும் படங்கள் அக்காலத்தில் வெளிவந்தன. ரக்ஷான் பனி எத்தெமாத், தஹ்மினே மிலானி போன்ற பெண் இயக்குநர்களின் படங்கள் பரவலாகப் பேசப்பட்டன. இச்சூழலில்தான் ரசூல் சதராமெலி இயக்கிய "நான் தரானே, எனக்கு 15 வயது" என்னும் படம் உருவானது.

கதைத் தலைவியின் பெயரும் நடிகையின் பெயரும் ஒன்றாக அமைந்தன. தாயை இழந்த, தந்தை சிறையில் இருக்கும் 15 வயதுச் சிறுமி தரானே, வசதியான குடும்பத்து இளைஞன் ஒருவனை மணக்கிறாள். மணவாழ்வு விரைவில் முறிகிறது. மணவிலக்குக்குப் பின்னரே தான் கருவுற்றிருப்பதை அறிகிறாள். கருவைக் கலைக்கவோ, குழந்தையைப் பிறரிடம் கொடுக்கவோ அவள் உடன்படவில்லை. குழந்தையின் தந்தை யார் என்பதைப் பதிவு செய்யப் போராடுகிறாள். தனியே நின்று குழந்தையை வளர்க்கத் துணிகிறாள்.

அழுது இரக்கத்தைத் தேடும் பாத்திரமாக இதை ஆக்கிவிடுவது எளிது. அலிதூஸ்தி அவ்வாறு செய்யவில்லை. பிடிவாதமும் கூச்சமும் குழந்தைத்தனமும் கலந்த ஒரு பள்ளிச் சிறுமியாகவே அவர் நடித்தார். இப்படத்துக்காக 2002-ஆம் ஆண்டு பெப்ரவரியில் நடந்த 20-ஆவது ஃபஜ்ர் திரைப்பட விழாவில் சிறந்த நடிகைக்கான பளிங்குச் சீமுர்க் விருதைப் பெற்றார். (சீமுர்க் என்பது பாரசீகப் புராணக் கதைகளில் வரும் பெரும்பறவை. ஃபஜ்ர் விழாவின் விருதுச் சின்னம் அதுவே.) அப்போது அவருக்கு வயது 18. அதே ஆண்டு சுவிட்சர்லாந்தின் லொக்கார்னோ திரைப்பட விழாவிலும் சிறந்த நடிகை விருது கிடைத்தது. அந்த ஆண்டு ஆஸ்கர் போட்டிக்கு ஈரான் இப்படத்தையே அனுப்பியது.

ஃபர்ஹாதியுடன் மூன்று படங்கள்

முதல் படத்தின் வெற்றிக்குப் பின் அலிதூஸ்தி அவசரப்பட்டுப் பல படங்களை ஒப்புக்கொள்ளவில்லை. அடுத்து அவர் நடித்தது, அப்போது பெரிதும் அறியப்படாதிருந்த அஸ்கர் ஃபர்ஹாதியின் இரண்டாவது படமான "அழகிய நகரம்" (2004) ஆகும். தெஹ்ரானில் சிறார் சீர்திருத்த இல்லம் அமைந்துள்ள பகுதியின் பெயரே "ஷஹ்ரே சீபா", அதாவது அழகிய நகரம். 16 வயதில் தான் காதலித்த பெண்ணைக் கொன்ற அக்பர் என்னும் சிறுவனுக்கு 18 வயது நிறைகிறது. இனி அவனுக்குத் தூக்குத் தண்டனையை நிறைவேற்றலாம். கொல்லப்பட்ட பெண்ணின் தந்தை மன்னித்தால் மட்டுமே அவன் உயிர் தப்புவான். அம்மன்னிப்பைப் பெற அக்பரின் நண்பன் ஆலாவும் அக்காள் ஃபிரூசேயும் அலைவதே கதை.

ஈரானின் பழிக்குப்பழிச் சட்டத்தில் உள்ள ஒரு கணக்கை இப்படம் வெளிப்படுத்துகிறது. பெண்ணின் உயிருக்குரிய ஈட்டுத்தொகை ஆணின் உயிருக்குரியதில் பாதி. ஆகவே தன் மகளைக் கொன்றவனைத் தூக்கிலிட வேண்டுமானால், எஞ்சிய பாதித் தொகையை இறந்த பெண்ணின் தந்தையே செலுத்தவேண்டும். கைக்குழந்தையுடன் தொடர்வண்டிப் பாதையோரம் வாழும் ஃபிரூசேயாக அலிதூஸ்தி நடித்தார். 20 வயதை ஒட்டிய நடிகை, வாழ்க்கையில் அடிபட்டு முதிர்ந்த ஒரு தாயாக மாறியிருந்தார். ஆலாவுக்கும் ஃபிரூசேக்கும் இடையே மலரும் அன்பு, தொடுகை எதுவுமின்றி, பேச்சின் இடைவெளிகளால் மட்டுமே உணர்த்தப்படுகிறது. தம்பியின் உயிரா, தன் வாழ்வா என்னும் கேள்வி அவள்முன் வந்து நிற்கும்போது படம் விடை சொல்லாமல் முடிகிறது.

அடுத்த படம் "சஹார்ஷன்பே சூரி" (2006). ஈரானியப் புத்தாண்டான நவ்ரூசுக்கு முந்தைய கடைசிச் செவ்வாய் இரவில் மக்கள் தெருவில் தீ மூட்டித் தாண்டிக் குதித்துக் கொண்டாடும் விழாவின் பெயர் இது. திருமணத்துக்குக் காத்திருக்கும் ரூஹி என்னும் ஏழைப்பெண், ஒரு நடுத்தரக் குடும்பத்துக்கு அன்று ஒருநாள் வீட்டுவேலைக்குச் செல்கிறாள். கணவனுக்கும் பக்கத்துக் குடியிருப்பில் அழகு நிலையம் நடத்தும் பெண்ணுக்கும் தொடர்பு உண்டு என்று மனைவி ஐயுறுகிறாள். உளவறிய ரூஹியை அங்கு அனுப்புகிறாள். வேலைக்காரப் பெண்ணின் கண் வழியே நாமும் அவ்வீட்டைப் பார்க்கிறோம். காலையில் கணவனாகப் போகிறவனோடு இருசக்கர வண்டியில் செல்லும் ரூஹியின் சாதர் சக்கரத்தில் சிக்கிக்கொள்ளும் காட்சியில் படம் தொடங்குகிறது. இரவில் வீடு திரும்பும்போது அவள் மணவாழ்க்கை பற்றி வேறொன்றை அறிந்துகொண்டவளாக இருக்கிறாள். அந்த மாற்றத்தை அலிதூஸ்தி வசனமில்லாமல் முகத்திலேயே காட்டினார். ஹதியே தெஹ்ரானி, ஹமீத் ஃபரோக்நெசாத் ஆகியோரும் நடித்த இப்படம் 2006-இல் சிக்காகோ திரைப்பட விழாவின் முதற்பரிசைப் பெற்றது.

மூன்றாவது படம் "எல்லியைப் பற்றி" (2009). தெஹ்ரானைச் சேர்ந்த நண்பர் குடும்பங்கள் காசுப்பியன் கடற்கரைக்கு விடுமுறைக்குச் செல்கின்றன. செபிதே என்பவள் தன் குழந்தையின் ஆசிரியையான எல்லியையும் அழைத்துவருகிறாள். செருமனியிலிருந்து வந்திருக்கும் மணவிலக்குப் பெற்ற நண்பனுக்கு அவளைப் பெண்பார்க்கச் செய்வதே நோக்கம். மறுநாள் ஒரு குழந்தை கடலில் மூழ்கப் பார்க்கிறது. எல்லி காணாமற் போகிறாள். குழந்தையைக் காப்பாற்றப் போய் மூழ்கினாளா, சொல்லாமல் புறப்பட்டுவிட்டாளா என்பது எவருக்கும் தெரியவில்லை. அவளைப் பற்றி விசாரிக்க விசாரிக்க, அவர்கள் அவளை அறிந்திருக்கவே இல்லை என்பது புலனாகிறது.

எல்லி படத்தின் முதற்பாதிக்குள்ளேயே மறைந்துவிடுகிறாள். ஆனால் எஞ்சிய நேரமெல்லாம் பார்வையாளர் அவளையே நினைக்கவேண்டும். இந்த அரிய பொறுப்பு அலிதூஸ்தியிடம் தரப்பட்டது. கடற்கரையில் குழந்தைகளுக்காகப் பட்டம் விட்டுக்கொண்டு எல்லி ஓடும் காட்சியே நாம் அவளைக் கடைசியாகக் காண்பது. அந்த முகத்தில் உள்ள மகிழ்ச்சியும் கலக்கமும் பின்னர் வரும் ஒவ்வொரு விசாரணையின்போதும் நினைவுக்கு வருகின்றன. ஒரு மானமுள்ள பெண் என்பதை மெய்ப்பிக்க முடியாத இடத்தில், இறந்தவளின் பெயரைக் காக்க உண்மையைச் சொல்வதா, தங்களைக் காத்துக்கொள்ளப் பொய் சொல்வதா என்று உயிரோடிருப்பவர்கள் தடுமாறுகின்றனர். இப்படத்துக்காக ஃபர்ஹாதி பெர்லின் திரைப்பட விழாவில் சிறந்த இயக்குநருக்கான வெள்ளிக் கரடி விருதைப் பெற்றார். உடன் நடித்த கோல்ஷிஃப்தே ஃபராஹானி இப்படத்துக்குப் பின் ஈரானை விட்டு வெளியேறி அயல்நாட்டுப் படங்களில் நடிக்கலானார். அலிதூஸ்தி ஈரானிலேயே இருந்தார். ஒரே படத்தில் நடித்த இரு நடிகைகளின் பாதைகள் இவ்வாறு பிரிந்தன.

பிற இயக்குநர்களின் படங்கள்

அலிதூஸ்தி தொடர்ந்து பணியாற்றிய மற்றோர் இயக்குநர் மானி ஹகீகி. இவர் "எல்லியைப் பற்றி" படத்தில் நடிகராகவும் பங்கேற்றவர். ஹகீகியின் "கனான்" (2008) கனடா நாட்டு எழுத்தாளர் ஆலிஸ் மன்றோவின் சிறுகதையைத் தழுவியது. மணவிலக்குப் பெற்று வெளிநாடு செல்ல நினைக்கும் மீனா என்னும் பெண்ணாக அலிதூஸ்தி இதில் நடித்தார்.

ஹகீகியின் "எளிய வரவேற்பு" (2012) முற்றிலும் வேறான படம். தலைநகரிலிருந்து வந்த ஆணும் பெண்ணும் மலைப்பாதையில் மகிழுந்தில் சென்று, எதிர்ப்படும் ஏழைகளிடம் பணப்பைகளைத் திணிக்கின்றனர். கொடுப்பது அறமா, அவமதிப்பா என்று பார்ப்பவர் குழம்பும்படி அவர்களுடைய செயல்கள் வரவரக் கொடுமையாகின்றன. அதுவரை அடக்கமான பாத்திரங்களில் அறியப்பட்ட அலிதூஸ்தி, இதில் வாய்த்துடுக்கும் வன்மமும் கொண்ட லைலாவாக நடித்துத் தம் மற்றொரு முகத்தைக் காட்டினார். ஆணாக நடித்தவர் ஹகீகியே.

அப்பாஸ் கியரோஸ்தமியின் "ஷிரின்" (2008) படத்திலும் அலிதூஸ்தி தோன்றுகிறார். திரையரங்கில் அமர்ந்து ஒரு காதல் கதையைப் பார்க்கும் நூற்றுக்கும் மேற்பட்ட பெண்களின் முகங்கள் மட்டுமே இப்படத்தில் காட்டப்படுகின்றன. வாரூஷ் கரீம் மசீகியின் "ஐயம்" (2009) சேக்சுபியரின் ஹாம்லெட் நாடகத்தை இன்றைய தெஹ்ரானுக்குக் கொண்டுவந்த படம். அதில் ஒஃபீலியாவுக்கு இணையான பாத்திரத்தில் நடித்தார்.

ஷஹர்சாத் தொடர்

அதுவரை திரைப்பட விழாக்களில் அறியப்பட்ட அலிதூஸ்தியை ஈரானின் வீடுதோறும் கொண்டுசேர்த்தது "ஷஹர்சாத்" என்னும் தொடர். ஹசன் ஃபத்தி இயக்கிய இத்தொடர் 2015-இல் தொடங்கி மூன்று பருவங்களாக வெளிவந்தது. இது அரசுத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பானதன்று. கடைகளில் குறுந்தகடாக விற்கப்பட்டும், இணையத்தில் கட்டணம் செலுத்திப் பார்க்கப்பட்டும் பரவியது. "வீட்டுத் திரையிடல்" என்று ஈரானில் அழைக்கப்படும் இம்முறை, அரசுத் தொலைக்காட்சியைக் காட்டிலும் சற்றுக் கூடுதலான உரிமையைக் கலைஞர்களுக்கு அளித்தது.

1953-ஆம் ஆண்டு ஆகத்து மாதம் பிரதமர் முகமது மொசாதெக்கின் ஆட்சி கவிழ்க்கப்பட்ட நாட்களில் கதை தொடங்குகிறது. மருத்துவ மாணவி ஷஹர்சாதும் இதழாளன் ஃபர்ஹாதும் காதலர்கள். அரசியல் சூழ்ச்சியில் சிக்கும் ஃபர்ஹாதின் உயிரைக் காக்க, செல்வாக்கு மிக்க ஒரு பெரிய மனிதரின் ஆணைக்கு இணங்கி, அவருடைய மருமகனுக்கு இரண்டாம் மனைவியாகிறாள் ஷஹர்சாத். முதுபெரும் நடிகர் அலி நசிரியான், ஷஹாப் ஹொசைனி, முஸ்தஃபா சமானி ஆகியோர் உடன் நடித்தனர். ஆயிரத்தோர் இரவுகளில் கதை சொல்லி உயிர் பிழைத்த பெண்ணின் பெயரைத் தாங்கிய இப்பாத்திரம், அறிவாலும் பொறுமையாலும் தன்னைக் காத்துக்கொள்ளும் பெண்ணாக அமைந்தது.

விற்பனையாளர் (2016)

ஃபர்ஹாதியின் மிகப் புகழ்பெற்ற படமான "ஒரு பிரிவு" (2011) அலிதூஸ்தி இல்லாமல் எடுக்கப்பட்டது. ஏழாண்டு இடைவெளிக்குப் பின் இருவரும் "விற்பனையாளர்" படத்தில் இணைந்தனர். எமாதும் ரானாவும் நாடக நடிகர்களான கணவன் மனைவி. அமெரிக்க நாடகாசிரியர் ஆர்தர் மில்லரின் "ஒரு விற்பனையாளரின் மரணம்" நாடகத்தில் அவர்கள் நடித்துவருகின்றனர். எமாது பள்ளி ஆசிரியருங்கூட. பக்கத்தில் தோண்டிய பள்ளத்தால் அவர்கள் குடியிருந்த கட்டடம் விரிசல் காண, நண்பர் ஒருவரின் வீட்டுக்குக் குடிபெயர்கின்றனர். அங்கு முன்பு குடியிருந்த பெண்ணைத் தேடிவந்த ஓர் ஆள், குளியலறையில் இருந்த ரானாவைத் தாக்கிவிடுகிறான்.

தாக்குதல் திரையில் காட்டப்படுவதில்லை. மணியோசை கேட்டு, கணவன்தான் வந்துவிட்டான் என்று எண்ணிக் கதவைத் திறந்துவிட்டு ரானா உள்ளே செல்வதும், திறந்து கிடக்கும் கதவும் மட்டுமே காட்டப்படுகின்றன. விதியால் வந்த கட்டுப்பாடு இங்குக் கதையின் பலமாகிறது. என்ன நடந்தது என்பதை ரானா தன் வாயால் சொல்லாதவரை எவரும் அறிய முடியாது. அவள் காவல்நிலையம் செல்ல விரும்பவில்லை. பலர்முன் மீண்டும் மீண்டும் சொல்ல நேரும் என்று அஞ்சுகிறாள். எமாது தன் மானத்துக்காகப் பழிதீர்க்கப் புறப்படுகிறான். பாதிக்கப்பட்டவளுக்கு என்ன வேண்டும் என்று அவன் கேட்பதே இல்லை. இறுதியில் குற்றவாளியை விட்டுவிடும்படி ரானாவே கணவனிடம் சொல்கிறாள். பழிவாங்கும் கதையை மன்னிப்பின் கதையாகத் திருப்பும் அந்த இடம் முழுவதும் அலிதூஸ்தியின் தோளில் நிற்கிறது.

நாடக ஒத்திகைக் காட்சி ஒன்றும் குறிப்பிடத்தக்கது. மில்லரின் நாடகத்தில் ஆடையின்றி வெளியேற்றப்பட்டதாகச் சொல்லும் பெண், இங்கு மேலங்கி அணிந்தபடி அவ்வசனத்தைப் பேசுகிறாள். உடன் நடிப்பவர் சிரித்துவிடுகிறார். ஈரானியத் திரைப்படத்துறை தன் விதிகளைத் தானே பார்த்துக்கொண்ட தருணம் அது.

இப்படம் 2016-ஆம் ஆண்டு கான் திரைப்பட விழாவில் சிறந்த திரைக்கதைக்கும், ஷஹாப் ஹொசைனிக்காகச் சிறந்த நடிகருக்கும் விருதுகளைப் பெற்றது. 2017 சனவரியில், ஏழு நாடுகளின் குடிமக்கள் அமெரிக்காவுக்குள் நுழைவதைத் தடுக்கும் ஆணையை அதிபர் டிரம்ப் பிறப்பிக்க இருந்த வேளையில், அது இனவெறி என்று கண்டித்து, ஆஸ்கர் விழாவுக்குத் தாம் செல்லப்போவதில்லை என்று முதலில் அறிவித்தவர் அலிதூஸ்தியே. பின்னர் ஃபர்ஹாதியும் செல்லவில்லை. பெப்ரவரி 26 அன்று நடந்த விழாவில் அவர் சார்பில் ஈரானிய அமெரிக்கர்களான அனூஷே அன்சாரியும் ஃபிரூஸ் நாதெரியும் விருதைப் பெற்றுக்கொண்டனர்.

மொழிபெயர்ப்புப் பணி

அலிதூஸ்தி ஆங்கிலத்திலிருந்து பாரசீகத்துக்கு நூல்களை மொழிபெயர்த்துள்ளார். ஆலிஸ் மன்றோவின் கதைகளையும், நிக்கோல் கிராஸ் எழுதிய "காதலின் வரலாறு" புதினத்தையும் பாரசீக வாசகர்களுக்கு அளித்தார். மன்றோவின் கதையில் நடித்த நடிகையே அவருடைய கதைகளை மொழிபெயர்த்தவரும் ஆனது குறிப்பிடத்தக்கது.

பெண்ணுரிமைக் குரல்

2016-இல் கான் விழா தொடர்பான செய்தியாளர் கூட்டத்தில் அவருடைய முழங்கையில் பெண்ணுரிமைச் சின்னம் பச்சை குத்தப்பட்டிருந்தது ஒளிப்படங்களில் தெரிந்தது. ஈரானில் எதிர்ப்பு எழுந்தது. தாம் பெண்ணியவாதிதான் என்று அவர் வெளிப்படையாகவே பதிலளித்தார்.

2018-இல் தெருவில் ஒரு பெண்ணை ஒழுக்கக் காவல்படையினர் தாக்கும் காணொளி பரவியபோது அதைக் கண்டித்து எழுதினார். அதற்காக 2020-இல் நீதிமன்றம் அவருக்கு 5 மாதச் சிறைத் தண்டனை விதித்து, அதை நிறுத்திவைத்தது.

2022 ஏப்ரலில், படப்பிடிப்புத் தளங்களில் நிகழும் பாலியல் வன்முறைக்கு எதிராக ஈரானியத் திரைப்படத்துறைப் பெண்கள் ஓர் அறிக்கை வெளியிட்டனர். 800-க்கும் மேற்பட்டோர் அதில் கையெழுத்திட்டனர். அம்முயற்சியின் முன்னணியில் நின்றவர்களுள் அலிதூஸ்தியும் ஒருவர்.

2022-ஆம் ஆண்டின் இரு படங்கள்

அதே ஆண்டு மே மாதம் சயீத் ருஸ்தாயி இயக்கிய "லைலாவின் சகோதரர்கள்" கான் விழாவின் போட்டிப் பிரிவில் திரையிடப்பட்டு, பன்னாட்டுத் திறனாய்வாளர் கூட்டமைப்பின் பரிசைப் பெற்றது. வேலையின்றித் தவிக்கும் நான்கு சகோதரர்களையும் முதிய பெற்றோரையும் தன் சம்பளத்தால் தாங்கும் 40 வயது லைலாவாக அலிதூஸ்தி நடித்தார். சகோதரர்கள் பிழைக்க ஒரு கடை வாங்கவேண்டும் என்பது லைலாவின் திட்டம். தந்தையோ, குலத்தலைவர் என்னும் வெற்றுப் பெருமைக்காக, சேர்த்துவைத்த தங்க நாணயங்களை உறவினர் திருமணத்தில் பரிசளிக்கத் துடிக்கிறார். நாணய மதிப்பின் வீழ்ச்சி குடும்பத்தின் கனவுகளை ஒரே நாளில் சிதைக்கிறது. பொறுமையிழந்த லைலா தந்தையின் கன்னத்தில் அறையும் காட்சி ஈரானில் பெரும் விவாதத்தைக் கிளப்பியது. அனுமதியின்றி வெளிநாட்டு விழாக்களுக்கு அனுப்பியதாகக் கூறிப் படம் தடைசெய்யப்பட்டது. 2023-இல் இயக்குநருக்கும் தயாரிப்பாளருக்கும் சிறைத் தண்டனை அறிவிக்கப்பட்டு, அதன் பெரும்பகுதி நிறுத்திவைக்கப்பட்டது.

மானி ஹகீகியின் "கழித்தல்" 2022 செப்டம்பரில் டொராண்டோ விழாவில் திரையிடப்பட்டது. ஓயாமல் மழை பெய்யும் தெஹ்ரானில், வண்டியோட்டக் கற்றுத்தரும் ஃபர்சானே என்னும் கருவுற்ற பெண், தன்னையும் தன் கணவனையும் அச்சாக ஒத்த மற்றோர் இணையரைக் காண்கிறாள். அலிதூஸ்தியும் நவீத் முகமதுசாதேயும் இரட்டை வேடங்களில் நடித்தனர். ஒரே முகத்துடன் கலங்கிய மனத்தையும் தெளிந்த மனத்தையும் வேறுபடுத்திக் காட்டும் கடினமான நடிப்பு இது.

கைதும் விடுதலையும்

2022 செப்டம்பர் 16 அன்று, முக்காட்டை முறையாக அணியவில்லை என்று ஒழுக்கக் காவல்படையினரால் பிடிக்கப்பட்ட மாசா அமினி என்னும் 22 வயதுக் குர்திய இளம்பெண் இறந்தார். நாடெங்கும் போராட்டம் வெடித்தது. "பெண், வாழ்வு, விடுதலை" என்பது அதன் முழக்கம்.

நவம்பர் மாதத் தொடக்கத்தில் அலிதூஸ்தி, தாம் ஈரானை விட்டுச் செல்லப்போவதில்லை என்றும், நடிப்பை நிறுத்திவிட்டுக் கொல்லப்பட்டோர், சிறைப்பட்டோர் குடும்பங்களுக்குத் துணைநிற்கப் போவதாகவும் அறிவித்தார். நவம்பர் 9 அன்று முக்காடு இல்லாத தம் ஒளிப்படம் ஒன்றை இன்ஸ்டாகிராமில் வெளியிட்டார். போராட்ட முழக்கத்தைக் குர்திய மொழியில் எழுதிய தாள் அவர் கையில் இருந்தது. 20 ஆண்டுகள் திரையில் எந்த வீட்டிலும் எந்த அறையிலும் தலையைத் திறந்து காட்டாத நடிகையின் முகத்தை மக்கள் அவ்வாறு கண்டனர்.

திசம்பர் 8 அன்று போராட்டம் தொடர்பாக மோசென் ஷெக்காரி என்னும் இளைஞர் தூக்கிலிடப்பட்டார். அப்போராட்டங்கள் தொடர்பாக நிறைவேற்றப்பட்ட முதல் மரண தண்டனை அது. அதைக் கண்டித்த அலிதூஸ்தி, பார்த்துக்கொண்டு செயலற்றிருக்கும் பன்னாட்டு அமைப்புகளையும் சாடினார். திசம்பர் 17 அன்று கைது செய்யப்பட்டார். தம் கூற்றுகளுக்குச் சான்று தரவில்லை என்பது அரசு ஊடகம் கூறிய காரணம். ஹெங்காமே கசியானி, கத்தாயூன் ரியாகி ஆகிய நடிகைகள் அதற்கு முந்தைய மாதமே கைதாகி விடுதலையாகியிருந்தனர். அலிதூஸ்தியின் கைதை உலகெங்கும் திரைப்படக் கலைஞர்கள் கண்டித்தனர். 2023 சனவரி 4 அன்று, 1,000 கோடி ரியால் பிணைத்தொகையில் அவர் விடுவிக்கப்பட்டார். எவின் சிறை வாயிலில் நண்பர்கள் மலர்களோடு வரவேற்ற ஒளிப்படத்திலும் அவர் முக்காடு அணிந்திருக்கவில்லை.

மதிப்பீடு

அலிதூஸ்தியின் பாத்திரங்களை வரிசையாக நோக்கினால் ஓர் ஒற்றுமை தெரியும். தரானே, ஃபிரூசே, ரூஹி, எல்லி, ரானா, லைலா ஆகிய அனைவரும் உண்மையைச் சொன்னால் தங்களுக்கோ பிறருக்கோ கேடு வரும் நிலையில் நிற்பவர்கள். சிலர் பொய் சொல்கிறார்கள். சிலர் மௌனம் காக்கிறார்கள். சிலர் விலை கொடுத்து உண்மையைச் சொல்கிறார்கள். அவர்களுள் எவரும் வீரப் பெண்ணாகவோ பேதையாகவோ வரையப்பட்டவர் அல்லர். பக்கத்து வீட்டில் காணக்கூடிய பெண்களே.

நடிகைக்கு நடிப்பே வாழ்வு. ஈரானில் நடிக்க வேண்டுமானால் முக்காடு அணிந்தாக வேண்டும். ஆகவே முக்காட்டைக் களைந்த செயல் ஓர் எதிர்ப்புக் குரல் மட்டுமன்று. தம் தொழிலையே பணயம் வைத்த செயலுமாகும். வெளிநாடு சென்று நடிக்கும் வழி அவர்முன் இருந்தது. தம் மொழியும் தம் மக்களும் உள்ள இடத்தில் இருந்துகொண்டே, நடிக்காமல் இருக்கும் வழியை அவர் தேர்ந்தார். 18 வயதில் விருது பெற்ற படத்தில், பலர் சொல்லியும் கேளாமல் தன் முடிவில் நின்ற சிறுமியாக அவர் நடித்திருந்தார் என்பதை ஈரானிய ரசிகர்கள் மறக்கவில்லை.

குறிப்பிடத்தக்க படைப்புகள்

2002 – நான் தரானே, எனக்கு 15 வயது (ரசூல் சதராமெலி)
2004 – அழகிய நகரம் (அஸ்கர் ஃபர்ஹாதி)
2006 – சஹார்ஷன்பே சூரி (அஸ்கர் ஃபர்ஹாதி)
2008 – கனான் (மானி ஹகீகி)
2008 – ஷிரின் (அப்பாஸ் கியரோஸ்தமி)
2009 – ஐயம் (வாரூஷ் கரீம் மசீகி)
2009 – எல்லியைப் பற்றி (அஸ்கர் ஃபர்ஹாதி)
2012 – எளிய வரவேற்பு (மானி ஹகீகி)
2015–2018 – ஷஹர்சாத், தொடர் (ஹசன் ஃபத்தி)
2016 – விற்பனையாளர் (அஸ்கர் ஃபர்ஹாதி)
2022 – லைலாவின் சகோதரர்கள் (சயீத் ருஸ்தாயி)
2022 – கழித்தல் (மானி ஹகீகி)